பேனையைக் கீழே வை

அன்புள்ள அண்ணா,

நீங்கள் முன்பு கணக்குப் படிப்பித்தவர் என்று ஒரு கட்டுரையில் எழுதியிருந்தீர்கள். அந்த உரிமையில் கேட்கிறேன். என் மகள் தரம் 10 படிக்கிறாள். ஒருங்கமை சமன்பாடுகள் தொடங்கிய நாளில் இருந்து வீட்டில் நிம்மதி இல்லை. ரியூஷனில் ஒவ்வொரு நாளும் நாற்பது கணக்குக் கொடுத்துவிடுகிறார்கள். இரவு பதினொரு மணி வரை இருந்து செய்கிறாள். விடையோடு ஒத்துப் பார்த்தால் பாதிக்குப் பாதி பிழை. இவ்வளவு பயிற்சி செய்தும் ஏன் இப்படி? தமிழில் படிப்பதால்தான் விளங்கவில்லை, ஆங்கில மொழிமூல வகுப்புக்கு மாற்றுங்கள் என்று சொந்தக்காரர் சொல்கிறார்கள். அவளோ வேறொன்று கேட்கிறாள்: "அம்மா, சந்தையில வந்து ஆரும் எக்ஸ் எவ்வளவு, வை எவ்வளவு எண்டு கேக்கப் போகினமே?" எனக்குப் பதில் தெரியவில்லை. அவளுடைய கொப்பியில் இரண்டு பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பியிருக்கிறேன். பெயர் போட வேண்டாம்.

ஒரு தாய்,
கோண்டாவில்

அன்புள்ள தங்கச்சி,

படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். பிள்ளையின் கையெழுத்து அழகு. அடிமட்டம் வைத்துக் கோடு கீறி, கணக்குக்குக் கணக்கு இடம் விட்டு, விடைக்குக் கீழே இரட்டைக் கோடு போட்டிருக்கிறாள். பிழையான விடைக்கும் அதே இரட்டைக் கோடுதான்.

இரண்டாம் பக்கத்து மூன்றாவது கணக்கை எடுப்போம். ஒருங்கமை சமன்பாடு என்றால் வேறொன்றும் இல்லை, தெரியாத இரண்டு எண்ணை இரண்டு வரியையும் சேர்த்து வைத்துக் கண்டுபிடிப்பது. எக்ஸ், வைக்குப் பதிலாக இங்கே ப, வ என்று எழுதுகிறேன்.

4ப + 3வ = 27
4ப − 2வ = 2

இரண்டிலும் 4ப இருக்கிறது, ஒரே குறி, ஆகவே கழிக்க வேண்டும் என்று சரியாகப் பிடித்துவிட்டாள். கழித்து வ = 25 என்று எழுதியிருக்கிறாள். இங்கேதான் சறுக்கல். 3வ-இல் இருந்து −2வ-ஐக் கழித்தால் 5வ வரும். அவள் கண்ணுக்கு 3உம் 2உம் மட்டும் தெரிந்திருக்கிறது, 2க்கு முன்னால் நின்ற சின்னக் கோடு தெரியவில்லை. 5வ = 25 என்று வந்திருந்தால் வ = 5, ப = 3 என்று கணக்கு அழகாக முடிந்திருக்கும். அவளுக்கு வ = 25, ப = −12.

இதில் என்னை நிறுத்தியது அந்தப் பிழை இல்லை. அது எல்லாருக்கும் வருவது. பக்கத்தின் ஓரத்தில் பென்சிலால் சின்னதாக ஒன்று எழுதியிருக்கிறாள், கவனித்தீர்களா? −48 + 75 = 27. பக்கத்தில் ஒரு சரி அடையாளம். அதாவது பிள்ளை விடையைச் சரிபார்த்திருக்கிறாள்! நாற்பது கணக்கின் நடுவில், அந்த இரவிலும், யாரும் சொல்லாமல். அப்படியும் பிழை பிடிபடவில்லை.

ஏன் என்றால், வ = 25ஐ முதலாம் சமன்பாட்டில் போட்டுத்தான் அவள் ப-ஐ எடுத்தாள். எடுத்த விடையைத் திரும்ப அதே முதலாம் சமன்பாட்டில் போட்டால் சரியாகத்தானே வரும்? வ எந்தப் பிழையான எண்ணாக இருந்தாலும் வரும். பொய் சொன்னவனிடமே போய் "நீ சொன்னது உண்மையா" என்று கேட்கிற மாதிரி. இரண்டாவது சமன்பாட்டில் போட்டிருக்க வேண்டும்: −48 − 50 = −98. அங்கே நிற்பதோ 2. உடனே தெரிந்திருக்கும். எதைப் பாவிக்கவில்லையோ அதில் போட்டுப் பார். இந்த ஒரு வரியை அவளுக்குச் சொல்லுங்கள். நாளைக்கே பிழையில் பாதி குறையும்.

கழித்தலில் தடுமாறுகிற பிள்ளைக்கு இன்னொரு கைவழி உண்டு. கழிக்கவே வேண்டாம். இரண்டாவது வரியைக் குறி மாற்றித் திரும்ப எழுதச் சொல்லுங்கள்: −4ப + 2வ = −2. இப்போது கூட்டு. 5வ = 25. ஒரு வரி கூட, அவ்வளவுதான். தாள் கிடைக்கிற காலத்தில் ஒரு வரிக்கு என்ன பஞ்சம்?

தாள் என்றதும் ஞாபகம் வருகிறது. 1995 ஒக்டோபர் கடைசியில் யுத்தத்தால் வலிகாமமே எழும்பித் தென்மராட்சிக்குப் போனபோது நானும் உங்கள் மகளுடைய வயதுதான். அங்கே பள்ளிக்கூடங்கள் இரண்டு நேரமாக நடந்தன. காலையில் அந்த ஊர்ப் பிள்ளைகள், பின்னேரம் நாங்கள். எங்களுக்குக் கணக்குப் படிப்பித்த சேரும் எங்களைப் போல இடம்பெயர்ந்து வந்தவர். கொப்பி இல்லை. இருந்த கொப்பியில் முதலில் பென்சிலால் எழுதுவோம், பிறகு அதே தாளில் பேனையால். இரவில் ஜாம் போத்தல் விளக்கு. மண்ணெண்ணெய் விற்ற விலைக்கு அதையும் வெள்ளெனவே நூர்த்துவிட வேண்டும்.

அந்தச் சேர் ஒரு நாளைக்கு மூன்று கணக்குத்தான் தருவார். கரும்பலகையில் இரண்டு வரியை எழுதிவிட்டு, "பேனையைக் கீழ வையுங்கோ" என்பார். நாற்பது பேரும் வைப்போம். "பாருங்கோ." பார்ப்போம். "பாத்தாச்சோ? திரும்பவும் பாருங்கோ." பிறகு ஒருவனை எழுப்பி, என்ன செய்யப் போகிறாய் என்று கேட்பார். விடை கேட்க மாட்டார். "ரெண்டாவதை மூண்டால பெருக்கிக் கூட்டப் போறன் சேர்." "ஏன் மூண்டால?" அதற்குப் பதில் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் பேனையை எடுக்க முடியாது. இன்னொருவன் எழும்பி, "சேர், அதிலும் லேசா ஒரு வழி இருக்கு" என்பான். பத்து நிமிஷம் வாக்குவாதம் நடக்கும். கடைசியில் எழுதுவது நாலு வரி.

தாள் இல்லாததால்தான் அவர் அப்படிச் செய்தார் என்று அப்போது நினைத்தேன். பின்னாளில் நானே ஒரு ரியூட்டரியில் படிப்பித்தேன். அங்கே தாளுக்குக் குறைவில்லை. நாற்பது கணக்கை றோணியோ அடித்துக் கட்டுக் கட்டாகக் கொடுத்தேன். ஆம், நானும் அந்தக் குற்றவாளிதான். தாய் தகப்பன்மாரும் பக்கத்தை எண்ணித்தான் வாத்தியாரை மதிப்பார்கள், கோபிக்க வேண்டாம். நாற்பதும் ஒரே மாதிரிக் கணக்குகள். மூன்றாவதோடு பிள்ளையின் மூளை நித்திரைக்குப் போய்விடும், கை மட்டும் ஓடும். சோதனைத்தாளில் வேறு மாதிரி ஒன்று வந்தால் கைக்கு ஒன்றும் தெரியாது.

அதனால் எண்ணிக்கையைக் குறையுங்கள். பத்து எடுக்கட்டும், கலந்து எடுக்கட்டும். அதில் ஏழுக்கு "என்ன செய்வேன்" என்று வாயால் சொன்னால் போதும், மூன்றை மட்டும் முழுக்கச் செய்யட்டும். ஒரு வரியில் வ = 2ப − 1 என்று தனியே நின்றால் அதைத் தூக்கி மற்றதில் பிரதியிடுவதுதான் லேசு. 3ப + 2வ = 19 என்றால், 3ப + 2(2ப − 1) = 19. அடைப்பை விரிக்கும்போது 4ப − 2 என்று வர வேண்டும்; 4ப − 1 என்று எழுதாத பிள்ளையை நான் இன்னும் காணவில்லை. ப = 3, வ = 5.

இன்னும் நல்ல பயிற்சி ஒன்று உண்டு, அதற்கு நீங்களும் வேண்டும். அவளையே கணக்குக் கட்டச் சொல்லுங்கள். முதலில் விடையை நினைக்கட்டும், ப = 7, வ = 2 என்று. பிறகு தனக்கு விருப்பமான இரண்டு வரியை எழுதி உங்களிடம் தரட்டும். நீங்கள் செய்து பாருங்கள். ஒருநாள் அவள் தெரியாமல் 2ப + 3வ = 20, 4ப + 6வ = 40 என்று கொண்டுவருவாள். நீங்கள் கழித்துக்கொண்டு போனால் 0 = 0 என்று வந்து நிற்கும். பிழை விட்டுவிட்டோமோ என்று இருவரும் பதறுவீர்கள். பிழை இல்லை. இரண்டாவது வரி முதலாவதின் இரட்டிப்பு. ஒரே கதையை இரண்டு தரம் சொன்னால் சாட்சி இரண்டாகாது. அதே இடத்தில் 40க்குப் பதில் 41 என்று போட்டிருந்தால் 0 = 1 என்று வரும்; அந்தச் சோடிக்கு விடையே கிடையாது. இதைத் தானாகக் கண்டுபிடித்த பிள்ளைக்கு வரைபில் இப்படியான சோடியின் இரண்டு கோடும் சமாந்தரமாக ஓடுவது ஏன் என்று பிறகு யாரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

ஆங்கில மொழிமூலத்துக்கு மாற்றுவது உங்கள் விருப்பம், அதற்கு வேறு நியாயங்கள் இருக்கலாம். ஆனால் இந்தக் கணக்குக்காக மாற்றாதீர்கள். அந்தச் சின்னக் கோடு எந்த மொழியிலும் அதே சின்னக் கோடுதான், தவறவிடுகிறவள் அங்கேயும் தவறவிடுவாள். தமிழில் அட்சரகணிதம் நேற்று வந்ததும் இல்லை. வட்டுக்கோட்டை செமினறியில் படித்த கறோல் விசுவநாதபிள்ளை 1855இல் தமிழில் 'வீசகணிதம்' (அட்சரகணிதத்துக்கு அந்தக் காலப் பெயர்) எழுதி அச்சிட்டவர். இரண்டு வருஷம் கழித்து, 1857இல், சி. வை. தாமோதரம்பிள்ளையோடு சேர்ந்து சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் பட்டதாரிகளில் ஒருவரானவரும் அவரே. சொந்தக்காரர் அடுத்த முறை வந்தால் தேத்தண்ணி கொடுத்து இதைச் சொல்லுங்கள்.

இனி மகளின் கேள்விக்கு வருவோம். சந்தையில் யார் கேட்கப் போகிறார்கள்? கேட்டிருக்கிறார்கள், பிள்ளை. 1,100 வருஷத்துக்கு முன்னமே. 9ஆம் நூற்றாண்டில், இராஷ்டிரகூட அரசன் அமோகவர்ஷன் காலத்தில், கன்னட தேசத்தில் மகாவீரர் என்ற சமணக் கணிதர் 'கணித சார சங்கிரகம்' என்று ஒரு நூல் எழுதினார். 1912இல் சென்னையில் ரங்காசாரியார் அதை ஆங்கில மொழிபெயர்ப்போடு பதிப்பித்தார். அதில் பழக்கடைக் கணக்கு ஒன்று வருகிறது. ஒன்பது நாரத்தம்பழமும் ஏழு விளாம்பழமும் சேர்த்து விலை 107. ஏழு நாரத்தையும் ஒன்பது விளாவும் 101. ஒவ்வொன்றின் விலையையும் பிரித்துச் சொல் என்கிறார்.

9ந + 7வ = 107
7ந + 9வ = 101

ந என்றால் நாரத்தம்பழம் இல்லை, ஒரு நாரத்தம்பழத்தின் விலை. எழுத்து நிற்பது ஓர் எண்ணுக்காக. இதில் குழம்பித்தான் பல பிள்ளைகள் வசனக் கணக்கு என்றால் ஓடுகிறார்கள்.

நாற்பது கணக்குப் பழக்கத்தில் இருக்கிற கை என்ன செய்யும்? முதலாவதை 7ஆல் பெருக்கும், 749. இரண்டாவதை 9ஆல், 909. கழித்தால் 32வ = 160. வ = 5. பிழை ஒன்றும் இல்லை, விடை வந்துவிட்டது. ஆனால் பேனையைக் கீழே வைத்துவிட்டுப் பாருங்கள். 9, 7. அடுத்த வரியில் 7, 9. கண்ணாடியில் பார்த்த மாதிரி இல்லையா? சும்மா கூட்டுங்கள்: 16 நாரத்தை, 16 விளா, 208. அப்படியானால் ஒன்றும் ஒன்றும் சேர்ந்து 13. இப்போது கழியுங்கள்: 2ந − 2வ = 6. அப்படியானால் நாரத்தை விளாவை விட 3 கூட. சேர்ந்து 13, வித்தியாசம் 3. எட்டும் ஐந்தும். யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலிச் சந்தையில் விளாம்பழத்தைக் காதுக்குக் கிட்ட வைத்து ஆட்டிப் பார்க்கிற நேரத்துக்குள் மனதாலேயே முடிந்துவிடும்.

சரி, இன்றைக்கு யார் கேட்கிறார்கள் என்றால், கடைக்காரர் கேட்க மாட்டார், உண்மைதான். ஆனால் ஓட்டோவில் 4 கிலோமீற்றர் போனதற்கு 480 ரூபா, இன்னொரு நாள் 7 கிலோமீற்றருக்கு 780 ரூபா என்றால், ஏறியவுடன் எவ்வளவு, அதன்பிறகு கிலோமீற்றருக்கு எவ்வளவு என்று அவளால் பிரித்துச் சொல்ல முடியும். 3 கிலோமீற்றர் கூட, 300 ரூபா கூட. அப்போ கிலோமீற்றருக்கு 100, ஏறியதற்கு 80. இது மீற்றர் போட்ட ஓட்டோவுக்கு மட்டும். மீற்றர் இல்லாததில் மூன்றாவது மாறி ஒன்று இருக்கிறது, ஓட்டோக்காரரின் மனம். அதற்கு இந்த இரண்டு சமன்பாடு போதாது.

கடைசியாக அவளுக்கு ஒரு கணக்கு.

37ப + 23வ = 3140
23ப + 37வ = 2860

கால்குலேட்டரைத் தொடக் கூடாது. இதை அவளிடம் காட்டிவிட்டுப் பேனையை நீங்கள் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், ஒரு நிமிஷம். விடையை எனக்கு எழுத வேண்டாம், அது எனக்குத் தெரியும். பேனையைத் திரும்பக் கொடுத்ததும் அவள் எழுதுகிற முதல் வரி என்ன என்று மட்டும் எழுதுங்கள். கூடவே அவள் கட்டிய கணக்கு ஒன்றையும் அனுப்பச் சொல்லுங்கள், நான் செய்து பார்க்கிறேன்.

அன்புடன்,
அண்ணா