மேடை வருமானத்தை நம்பி வேலையை விடலாமா?

கேள்வி: எங்கள் ஊர்ப் பேச்சுவழக்கில் நான் எழுதிய இரண்டு நாவல்களைப் படித்துவிட்டு வெளியூர்க் கல்லூரிகளிலிருந்தும் இலக்கிய அமைப்புகளிலிருந்தும் பேச அழைக்கிறார்கள். ஊரிலோ, எங்களை அவமானப்படுத்திவிட்டான் என்று உறவினர்கள் சிலர் முகங்கொடுத்துப் பேசுவதில்லை. கூட்டுறவு வங்கி எழுத்தர் வேலையை விட்டுவிட்டு, எழுத்தும் மேடையுமாக வாழ முடியுமா?

பதில்: அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் கடிதத்தைப் படித்தபோது, அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரில் 1844-இல் பிறந்த எழுத்தாளர் ஜார்ஜ் வாஷிங்டன் கேபிளின் வாழ்க்கைதான் நினைவுக்கு வந்தது. தந்தை இறந்ததால் பதினான்கு வயதில் படிப்பை நிறுத்தி வேலைக்குப் போன அவர், பின்னாளில் பருத்தி வணிக நிறுவனம் ஒன்றில் கணக்கெழுதிக்கொண்டே, அந்நகரின் கிரியோல் மக்களைப் பற்றி (பெரும்பாலும் அங்கே குடியேறிய பிரெஞ்சு, ஸ்பானியக் குடும்பங்களின் வழிவந்தவர்கள்) அவர்களுடைய பேச்சின் ஓசை மாறாமல் கதைகள் எழுதினார். முதல் கதை 1873-இல் ஒரு நியூயார்க் மாத இதழில் வெளிவந்தது. ஆனால் எழுத்தையே முழுநேரத் தொழிலாக அவர் ஏற்றுக்கொண்டது 1881 வாக்கில்தான். அந்த எட்டு ஆண்டுக் காத்திருப்பைக் கோழைத்தனம் என்று நான் கருதவில்லை. மனைவியும் குழந்தைகளும் உள்ள ஒரு மனிதர் செய்ய வேண்டியதையே அவர் செய்தார்.

மேடை அவருக்குத் தானாக வாய்க்கவில்லை. குரல் சன்னமானது என்பதால், ஆசிரியர் ஒருவரிடம் முறையாகப் பயிற்சி பெற்றார். 1884 நவம்பர் முதல் நான்கு மாத காலம் புகழ்பெற்ற நகைச்சுவை எழுத்தாளர் மார்க் ட்வெயினுடன் ஊர் ஊராகச் சென்று நூறு நிகழ்ச்சிகள் வரை நடத்தியபோது, வாரத்துக்கு 450 டாலரும் வழிச்செலவும் அவருக்குக் கிடைத்தன. அங்கே அவர் இலக்கியக் கோட்பாடு எதையும் பேசவில்லை. தம் நாவல்களின் பகுதிகளை வாசித்தார், கிரியோல் பாடல்களைப் பாடிக் காட்டினார். நீங்களும் கொடுத்த தலைப்பில் பொதுவாகப் பேசுவதைக் குறைத்துக்கொண்டு, உங்கள் பக்கங்களை உங்கள் ஊர் வழக்கிலேயே வாசித்துக் காட்டுங்கள் என்பேன், ஏனெனில் அதை உங்களைத் தவிர வேறொருவர் அந்த மேடைக்குக் கொண்டுவர முடியாது.

அதே பயணத்தில், ஞாயிற்றுக்கிழமை பயணம் செய்வதில்லை என்ற தம் சமய ஒழுக்கத்தை, ட்வெயின் எவ்வளவோ சலித்துக்கொண்டும் கேபிள் தளர்த்தவில்லை. உங்களுக்கும் அப்படி அசையாத ஒரு நாள் வேண்டும். அது எழுதுவதற்கான நாளாக இருக்கட்டும்.

ஊராரின் கோபம் இதைவிடக் கடினமானது. 1880-இல் நூலாக வந்த 'தி கிராண்டிசிம்ஸ்' நாவல் கிரியோல் குடும்பங்களைப் புண்படுத்தியது. ட்வெயினுடன் அவர் பயணத்தில் இருந்த 1885 ஜனவரியில், அடிமைத்தனத்திலிருந்து விடுதலை பெற்ற கறுப்பின மக்களுக்குச் சம உரிமை கோரி அவர் எழுதிய கட்டுரை வெளிவந்ததும், தென்மாநிலப் பத்திரிகைகள் அவரைத் துரோகி என்றே தூற்றின. அவ்வாண்டே வடக்கிலுள்ள மாசசூசெட்ஸ் மாநிலத்தின் நார்தாம்ப்டனில் குடியேறிய அவர், 1925-இல் இறக்கும்வரை நியூ ஆர்லியன்ஸில் வாழத் திரும்பவில்லை. தம் கருத்தை அவர் விட்டுக்கொடுக்கவில்லை என்பதில் எனக்கு மிகுந்த மதிப்பு உண்டு. ஆயினும், தினமும் அந்தத் தெருப்பேச்சைக் கேட்டுக்கொண்டே எழுதிய காலத்தின் கூர்மை பிற்கால நாவல்களில் குறைந்துவிட்டது என்றே நான் எண்ணுகிறேன். ஆகவே, உறவினர்கள் பேசாவிட்டாலும் ஊரை விட்டு நீங்காதீர்கள். துக்கத்துக்கும் திருமணத்துக்கும் போய் நில்லுங்கள்.

வேலையைப் பொறுத்தவரை, இப்போது விட வேண்டாம். நம் ஊர்களில் பேச்சாளருக்குப் பொன்னாடை கிடைக்கும் அளவுக்குப் பணம் கிடைப்பதில்லை என்பது நீங்கள் அறிந்ததே. அழைப்பவர்களிடம் பயணச்செலவையும் மதிப்பூதியத்தையும் கூச்சமின்றி முன்கூட்டியே கேளுங்கள். ஓராண்டு முழுவதும் வந்த தொகையைத் தனியே குறித்துவைத்து, அது குடும்பச் செலவில் பாதியையாவது தாங்குகிறதா என்று உங்கள் மனைவியுடன் உட்கார்ந்து கணக்குப் பாருங்கள். அந்தக் கணக்குடன் எனக்கு மறுபடியும் எழுதுங்கள்.