அமெரிக்கத் தொலைக்காட்சியில் கறுப்பினக் குடும்ப நகைச்சுவைத் தொடர்கள் ஏன் முக்கியம்?

ஒரு கறுப்பினக் குடும்பத்தின் வீட்டுக்குள் நடக்கும் அரைமணி நேர நகைச்சுவைத் தொடர்கள் இவை. அதற்கு முன் அமெரிக்கத் திரையில் கறுப்பினப் பெண் என்றால் பெரும்பாலும் பிறர் வீட்டு வேலைக்காரி. நடிகை எஸ்தர் ரோலும் ஒரு தொடரில் அப்படித்தான் நடித்தார். அந்தப் பாத்திரத்துக்கே தனி வீடு கொடுத்து 1974-இல் 'குட் டைம்ஸ்' உருவானபோது, பிள்ளைகளுக்கு அப்பா வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். சிகாகோவின் அரசுக் குடியிருப்பில் வேலை தேடி அலைந்தாலும் தலைநிமிர்ந்து நிற்கும் அப்பா ஜேம்ஸ் எவன்ஸ் அப்படித்தான் கிடைத்தார். என்னைக் கேட்டால், அந்தப் பிடிவாதமே இந்த மரபின் ஆணிவேர். யாருடைய கல்யாண ஆல்பத்திலோ ஓரத்தில் பந்தி பரிமாறியவர், தம் குடும்பத்தோடு நடுவில் அமர்ந்த படத்தைப் பார்ப்பது போன்றது அது.

1984-இல் வந்த 'தி காஸ்பி ஷோ'தான் இத்தகைய தொடர்களின் தொடக்கம் என்று பலர் நினைக்கிறார்கள். 'குட் டைம்ஸ்' தொடரின் எவன்ஸ் குடும்பம் அதற்கு 10 ஆண்டுகள் முன்பே திரைக்கு வந்துவிட்டது.