கேள்வி – பதில்: விசாரிப்பவரே தீர்ப்பும் சொல்வாரா?

கேள்வி: பிரெஞ்சு க்ரைம் தொடர்களில் ஒரு நீதிபதியே வீட்டைச் சோதனை போட உத்தரவிடுகிறார், சந்தேக நபரையும் கூப்பிட்டு விசாரிக்கிறார். அவர் போலீஸா, ஜட்ஜா? தண்டனை கொடுப்பதும் அவரேதானா?

பதில்: ஜட்ஜ்தான், ‘விசாரணை நீதிபதி’ என்று பெயர். ஆனால் தான் விசாரித்த வழக்கில் அவர் தீர்ப்பு சொல்லக் கூடாது. விசாரணை முடிந்ததும் ஒன்று கோப்பை மூடுவார், இல்லையென்றால் வழக்கு மன்றத்துக்கு அனுப்புவார், அத்தோடு சரி.

எல்லா வழக்கும் இவரிடம் போகாது. கொலை மாதிரியான பெருங்குற்றம் என்றால் கட்டாயம். மற்றவற்றில் பெரும்பாலானவை போலீஸ், அரசு வழக்கறிஞர் மட்டத்திலேயே முடிந்துவிடும். இவராக ஒரு வழக்கைக் கையில் எடுக்கவும் முடியாது, அரசு வழக்கறிஞர் கேட்க வேண்டும், அல்லது பாதிக்கப்பட்டவர் முறைப்படி மனு போட வேண்டும்.

விசாரணை நடப்பது அவருடைய அலுவலக அறையில்தான். பக்கத்தில் எழுத்தர் வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்துகொண்டே இருப்பார், சந்தேக நபரின் வழக்கறிஞர் கூடவே உட்கார்ந்திருப்பார், முடிந்ததும் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்து. குற்றத்துக்கான ஆதாரத்தைத் தேடுகிற அளவுக்கு, அந்த ஆள் நிரபராதி என்பதற்கான ஆதாரத்தையும் தேட வேண்டும் என்கிறது சட்டம். ஒரே மனிதர் இரண்டையும் மனசாரச் செய்வது லேசான காரியமா என்ன!

முன்பெல்லாம் விசாரணைக் காலத்தில் ஆளைச் சிறையில் வைப்பதையும் இவரே முடிவு செய்வார். 2000-இல் வந்த சட்டம் அதைப் பிடுங்கி வேறொரு நீதிபதியிடம் கொடுத்தது. அப்படியும் ஊத்ரோ வழக்கு நடந்தது. வடக்கு பிரான்ஸில், சிறுவர்களைப் பாலியல் கொடுமை செய்ததாக 2001-இல் தொடங்கிய விசாரணையில் மாட்டியவர்களில் 13 பேர் நிரபராதிகள் என்று 2005-க்குள் விடுதலையானார்கள். பலர் ஆண்டுக்கணக்கில் உள்ளே இருந்தார்கள், இன்னொருவர் தீர்ப்பைப் பார்க்காமலே சிறையில் இறந்துபோனார். புது நீதிபதி வந்தும் என்ன பிரயோஜனம், அவர் பார்த்ததும் அதே கோப்பைத்தானே?

2009-இல் அதிபர் சர்கோஸி விசாரணை நீதிபதி பதவியையே ஒழிக்கப் பார்த்தார், நடக்கவில்லை. நடக்காததே நல்லது என்பேன். ஏனென்றால் அங்கே அரசு வழக்கறிஞர்களுக்கு மேலே நீதித்துறை அமைச்சர் இருக்கிறார், இவருக்கு மேலே அப்படி யாரும் இல்லை. 1990-களில் எல்ஃப் எண்ணெய் நிறுவன ஊழலைத் தோண்டிய எவா ஜோலி இப்படி ஒரு விசாரணை நீதிபதிதான். பெரிய பெரிய ஆட்கள் சிக்கிய அந்த வழக்கு, அமைச்சருக்குக் கட்டுப்பட்டவர் கையில் இருந்திருந்தால் அவ்வளவு தூரம் போயிருக்குமா என்பது சந்தேகம்தான்.