என்பிஏவோட முதல் மேட்ச் ஆடின டீம் எங்க போச்சு? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: சார், அமெரிக்காவோட பெரிய பாஸ்கெட்பால் லீக்கான என்பிஏவோட முதல் மேட்ச் கனடாவுல டொராண்டோல நடந்துச்சுன்னு போன இதழ்ல ஒரே வரில சொல்லிட்டுப் போயிட்டீங்க. இப்ப இருக்கற டொராண்டோ டீம் ராப்டர்ஸே 1995லதானே வந்துச்சு? அப்ப ஆடினது யாரு? கொஞ்சம் விவரமா சொல்லுங்க.

பதில்: ஆடினது டொராண்டோ ஹஸ்கீஸ். ஒரே ஒரு சீசன் இருந்துட்டு காணாமப் போன டீம். கூடைப்பந்து வரலாறுல எனக்கு ரொம்பப் பிடிச்ச, நினைச்சா மனசு கஷ்டப்படுற டீமும் இதுதான், அதனால பதில் கொஞ்சம் நீளும்.

1946 நவம்பர் 1, வெள்ளிக்கிழமை ராத்திரி. டொராண்டோவுல மேப்பிள் லீஃப் கார்டன்ஸ்னு பெரிய ஐஸ் ஹாக்கி அரங்கம். எதிர் டீம் நியூயார்க் நிக்கர்பாக்கர்ஸ், இப்ப நம்ம நிக்ஸ்னு சொல்றோமே அவங்கதான். அப்ப என்பிஏங்கிற பேரே கிடையாது, அந்த வருஷம் ஜூன்ல ஆரம்பிச்ச லீக்குக்கு பாஸ்கெட்பால் அசோசியேஷன் ஆஃப் அமெரிக்கான்னு பேரு, சுருக்கமா பிஏஏ, மொத்தம் 11 டீம். 1949ல இன்னொரு லீக்கோட சேர்ந்தப்பதான் என்பிஏ ஆச்சு, பிஏஏவோட பழைய கணக்கையும் தன் கணக்குலயே வச்சுக்கிட்டாங்க, அதனால அந்த ராத்திரி நடந்ததுதான் முதல் மேட்ச்.

நிக்ஸ் ஆளுங்க ரயில்ல வந்தாங்க. எல்லைல கனடா சுங்க அதிகாரி நீங்கெல்லாம் யாருன்னு கேட்டிருக்கார், நியூயார்க் நிக்ஸ்னு சொன்னா அவருக்குப் புரியல, ஹாக்கி டீம் ரேஞ்சர்ஸதான் தெரியும், அந்த மாதிரி எதாவதான்னு திருப்பிக் கேட்டாராம். இந்தப் பக்கம் உங்க ஆட்டம் புரியற ஆளு ரொம்ப இருக்க மாட்டாங்கன்னும் சொல்லி அனுப்பிருக்கார்.

ஹஸ்கீஸ்காரங்களும் கூட்டம் சேர்க்க என்னென்னவோ பண்ணாங்க. அவங்க டீம்ல ஜார்ஜ் நாஸ்ட்ராண்ட்னு ஒருத்தர், உயரம் 6 அடி 8 அங்குலம். அவர் போட்டோவ பேப்பர்ல போட்டு, இவரவிட உயரமா இருக்கறவங்களுக்கு முதல் மேட்ச் இலவசம்னு விளம்பரம் குடுத்தாங்க. மத்தவங்களுக்கு டிக்கெட் 75 சென்ட்ல இருந்து இரண்டரை டாலர் வரைக்கும். 7,090 பேர் வந்தாங்க, புது லீக்கோட முதல் மேட்சுக்கு நல்ல கூட்டம்தான்.

முதல் கூடை போட்டது நிக்ஸோட ஆஸி ஷெக்ட்மேன். ஹாஃப் டைம்ல நிக்ஸ் 37–29ன்னு முன்னாடி இருந்தாங்க. ஹஸ்கீஸ்ல எட் சடௌஸ்கிதான் பெரிய ஆளு, அவரே பிளேயர், அவரே கோச். அன்னைக்கு 18 பாயிண்ட் அவருதுதான், ரெண்டு டீம்லயும் அதுதான் அதிகம், ஆனா ரெண்டாவது பாதி ஆரம்பிச்ச கொஞ்ச நேரத்துலயே அஞ்சாவது ஃபவுல் வாங்கி வெளிய போயிட்டார் (அப்ப அஞ்சு ஃபவுல்தான் கணக்கு). அவருக்குப் பதிலா இறங்கினது விளம்பரத்துல வந்த அதே நாஸ்ட்ராண்ட், அவர் வந்தப்புறம் டொராண்டோ எந்திரிச்சு முன்னாடியே போயிட்டாங்க. அப்புறம் கடைசில விட்டுட்டாங்க, 68–66. ரெண்டே பாயிண்ட்ல போச்சு.

கேள்வி: அவ்வளவு நல்லா ஆரம்பிச்ச டீம் ஏன் ஒரே சீசன்ல மூடிட்டாங்க? கனடாக்காரங்களுக்கு ஹாக்கிதான் உயிரு, பாஸ்கெட்பால் பிடிக்காதுங்கறதாலயா?

பதில்: எல்லாரும் இப்படித்தான் சொல்றாங்க, நான் ஒத்துக்கவே மாட்டேன். பாஸ்கெட்பால கண்டுபிடிச்ச ஜேம்ஸ் நெய்ஸ்மித்தே ஒண்டாரியோவுல ஆல்மோன்ட்ங்கிற ஊர்ல பிறந்தவர். எட்மண்டன் கிராட்ஸ்னு ஒரு பெண்கள் டீம் 1915ல இருந்து 1940 வரைக்கும் கிட்டத்தட்ட தோக்காமலே ஆடுச்சு. 1936 பெர்லின் ஒலிம்பிக்ல பாஸ்கெட்பால் முதல்முறையா சேர்ந்தப்ப, ஃபைனல்ல அமெரிக்காவோட மோதினது கனடாதான், திறந்தவெளி மண் தரைல மழைல ஆடி 19–8ன்னு தோத்து வெள்ளி வாங்கினாங்க. அந்த டீம்ல பெரும்பாலானவங்க விண்ட்ஸர் நகரத்துக்காரங்க. இந்த நாட்டுக்கா ஆட்டம் தெரியாது?

பிரச்சனை எங்கன்னா லீக் ஆரம்பிச்ச விதத்துலயே இருந்துச்சு. பிஏஏவ ஆரம்பிச்சது பாஸ்கெட்பால் ஆளுங்க இல்ல, பெரும்பாலும் ஹாக்கி அரங்கத்து முதலாளிங்க. முகூர்த்தம் இல்லாத நாள்ல மண்டபம் சும்மா கிடக்குதேன்னு யோசிக்கற மாதிரி, ஹாக்கி இல்லாத ராத்திரில அரங்கம் காலியா கிடக்குதே, அத எப்படி நிரப்பறதுன்னு யோசிச்சு வந்த லீக் அது. லீக் தலைவர் மாரிஸ் பொடோலாஃப், அவர் அதே நேரத்துல அமெரிக்கன் ஹாக்கி லீக்குக்கும் தலைவர். ஐஸ்க்கு மேல பலகையப் போட்டு அதுமேல ஆடணும், கீழ இருந்து குளிர் ஏறும், சில அரங்கத்துல பலகைல ஈரம் கசிஞ்சு வழுக்கும். 24 செகண்டுக்குள்ள கூடைக்கு பந்த எறிஞ்சே ஆகணும்ங்கற ஷாட் கிளாக் விதி 1954லதான் வந்துச்சு, அதுவரைக்கும் முன்னாடி இருக்கற டீம் பந்த வச்சுக்கிட்டே நேரத்தக் கடத்தலாம். காசு குடுத்து வந்தவன் மறுபடி வரணுமே?

டொராண்டோவுல இது போக இன்னொண்ணு. அதே கட்டடத்துல ஆடின ஹாக்கி டீம் மேப்பிள் லீஃப்ஸ் அந்த சீசன்லதான் ஹாக்கியோட பெரிய கோப்பையான ஸ்டான்லி கப் ஜெயிச்சாங்க, 1947ல. ஊரே அவங்க பின்னாடி.

சரி, இதெல்லாம் வெளில இருந்து வந்த கஷ்டம். உள்ள நடந்ததப் பாருங்க. சடௌஸ்கி 12 மேட்ச் பாத்தார், 3 ஜெயிச்சு 9 தோத்து, டீம விட்டே போயிட்டார், கிளீவ்லாண்டுக்கு மாத்திட்டாங்க. அப்புறம் மேனேஜர் லூ ஹேமன் ஒரு மேட்ச் கோச்சா உக்காந்தார், அடிப்படைல அவர் கனடியன் ஃபுட்பால் ஆளு (நம்ம கால்பந்து இல்ல, பந்த கைல எடுத்துக்கிட்டு ஓடற ஆட்டம்). அப்புறம் டிக் ஃபிட்ஸ்ஜெரால்ட்னு ஒரு பிளேயர் மூணு மேட்ச் பாத்துக்கிட்டார். கடைசியா ரெட் ரோல்ஃப், நியூயார்க் யாங்கீஸ்ல பேஸ்பால் ஆடி பேர் வாங்கினவர், யேல் பல்கலைக்கழகத்துல பாஸ்கெட்பாலும் சொல்லிக் குடுத்திருக்கார், அவர் மிச்ச சீசன இழுத்து 17 ஜெயிச்சு 27 தோத்தார். அறுபது மேட்சுக்குள்ள நாலு கோச்! ஒரு பிளேயருக்கு தன் வேலை என்னன்னு புரியறதுக்குள்ள அடுத்த ஆளு வந்து வேற ஒண்ணு சொல்லுவார். ஆனா ரோல்ஃப் வந்தப்புறம் கணக்கு எவ்வளவு தேறுச்சுன்னு பாருங்க, அவர முதல்லயே உக்கார வச்சிருந்தா எப்படி இருந்திருக்கும்னு தோணாம இருக்காது.

எனக்கு இதவிட வலிக்கறது, உள்ளூர் பசங்கள அவங்க பயன்படுத்திக்கவே இல்ல. டீம் முழுக்க அமெரிக்கர்கள், கனடாக்காரங்க ரெண்டே பேரு, ஹேங்க் பியாசாட்டி, ஜீனோ சோவ்ரன், ரெண்டு பேரும் விண்ட்ஸர் ஆளுங்கதான். அவங்களையும் சில மேட்ச்தான் ஆடவிட்டாங்க. ஒலிம்பிக் வெள்ளி வந்த ஊரு அதே மாகாணத்துல இருக்கறப்ப, நம்ம பையன் ஆடறான்னு ஜனங்க வந்து பாக்கறதுக்கு ஒரு வழிய அவங்களே அடைச்சுட்டாங்க. (பியாசாட்டி இத்தாலில பிறந்தவர், பின்னாடி பேஸ்பாலுக்குப் போயி பிலடெல்பியா ஏ'ஸ்க்கு ஆடினார்.)

சீசன் முடிஞ்சப்ப 22 வெற்றி, 38 தோல்வி. இப்ப ஒண்ணு சொல்றேன் கவனிங்க. அதே டிவிஷன்ல, அதே 22–38ன்னு கடைசில ஹஸ்கீஸ் கூடவே நின்ன இன்னொரு டீம் பாஸ்டன் செல்டிக்ஸ். அவங்களும் காச இழந்தாங்க, வருஷா வருஷம் இழந்தாங்க, ஆனா ஓனர் வால்டர் பிரவுன் வீட்ட அடமானம் வச்சு டீம நடத்தினார். 1950ல ரெட் ஆயர்பாக் கோச்சா வந்தார், 1957ல முதல் சாம்பியன்ஷிப், 1969க்குள்ள 11. ஹஸ்கீஸ் ஓனருங்க நஷ்டத்தப் பாத்துட்டு 1947லயே இழுத்து மூடிட்டாங்க. அவங்களக் குத்தம் சொல்ல எனக்கு மனசு வரல, அவங்க காசு அவங்களுக்கு, அந்த வருஷம் கிளீவ்லாண்ட், டெட்ராய்ட், பிட்ஸ்பர்க் டீம்களும் கூடவே மூடினாங்க. ஆனா ஊருக்கு ஹாக்கிதான் பிடிக்கும், அதான் டீம் போச்சுன்னு சொன்னா அது தப்பு. பாஸ்டனும் ஹாக்கி ஊருதான்.

கேள்வி: அப்ப அந்தக் காலத்துலயே ரொம்ப மோசமான டீம் ஹஸ்கீஸ்தானா?

பதில்: சேச்சே, இல்ல. அந்த முதல் சீசன்லயே பிட்ஸ்பர்க் அயர்ன்மென் 15தான் ஜெயிச்சாங்க. அதுக்கும் மேல பிராவிடென்ஸ் ஸ்டீம்ரோலர்ஸ், 1947–48ல 48 மேட்ச் ஆடி 6 ஜெயிச்சாங்க, ஒரு முழு சீசன்ல மிகக் குறைஞ்ச வெற்றின்னா இன்னைக்கும் என்பிஏல அதுதான். அவங்க கோச் நேட் ஹிக்கி ஆள் பத்தாம தானே ஜெர்ஸி போட்டு இறங்கினார், 46 வயசு முடிய ரெண்டு நாள் பாக்கி. அந்த வயசுல என்பிஏல வேற யாரும் ஆடினதில்ல. அந்த டீம் 1949ல மூடுச்சு, ஓனர் லூ பியரிதான் அடுத்த வருஷம் வால்டர் பிரவுனோட செல்டிக்ஸ்ல பங்கு சேர்ந்தார், ஆயர்பாக்க கூட்டிட்டு வரணும்னு பிடிவாதமா நின்னவரும் அவர்தான்.

கேள்வி: ராப்டர்ஸ்க்கும் ஹஸ்கீஸ்க்கும் சம்பந்தம் இருக்கா? அந்த அரங்கம் இன்னும் இருக்கா?

பதில்: சட்டப்படி சம்பந்தம் கிடையாது. 1990கள்ல புது டீமுக்கு ஹஸ்கீஸ்னே பேர் வைக்கலாம்னு யோசிச்சாங்க, லோகோ போட்டா இன்னொரு என்பிஏ டீமான மினசோட்டா டிம்பர்வுல்வ்ஸோட ஓநாய் லோகோ மாதிரியே வருதுன்னு விட்டுட்டாங்க. ஆனா ராப்டர்ஸ் சில சீசன்ல ஹஸ்கீஸ் பேர் போட்ட ஜெர்ஸி போட்டு ஆடிருக்காங்க, 70 வருஷம் ஆனப்பவும் போட்டாங்க. அரங்கம் இருக்கு. மேப்பிள் லீஃப்ஸ் 1999ல அங்கேர்ந்து போயிட்டாங்க, இப்ப கீழ பெரிய சூப்பர்மார்க்கெட், மேல ஒரு பல்கலைக்கழகத்தோட விளையாட்டு மையம், அங்க ஐஸ் தளமும் இருக்கு, தனியா பாஸ்கெட்பால் கோர்ட்டும் இருக்கு. டொராண்டோ போறவங்க கார்ல்டன் ஸ்ட்ரீட்டும் சர்ச் ஸ்ட்ரீட்டும் சேர்ற முனைல போயி பாருங்க.