ஓட்டிலிருந்து மனிதர் வரை: தொல்லியல் கேள்வி பதில்

"மண்ணுக்குள் கிடைக்கும் பொருளை வைத்து அந்தக் காலத்து மனிதர்களைப் பற்றி எப்படிப் பேசுகிறீர்கள்?" வந்த கேள்விகளில் முக்கால்வாசி இதைத்தான் சுற்றிச் சுற்றி வருகின்றன. அகழாய்வுக் குழியிலும், ஓடுகளைக் கழுவி எண்ணித் தரம் பிரிக்கும் மேசையிலும் பல வருடங்கள் இருந்தவள் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

கேள்வி: மேடம், உடைந்த பானை ஓடு ஒன்றைக் காட்டி, "இவர்கள் இப்படி வாழ்ந்தார்கள்" என்கிறார்கள். இதில் எவ்வளவு ஆதாரம், எவ்வளவு ஊகம்?

ஓட்டைக் கையில் எடுத்து உடைந்த விளிம்பைப் பாருங்கள். இரண்டு பக்கமும் சிவந்து நடுவில் கருப்புப் பட்டை ஓடினால், சுடும்போது சூடும் காற்றும் உள்ளே வரை போதிய நேரம் சேரவில்லை என்று அர்த்தம். உள்பக்கம் சீரான வரிகள் சுற்றி ஓடினால் பெரும்பாலும் சக்கரத்தில் வனைந்தது. மேடும் பள்ளமுமாக விரல் பதிந்திருந்தால் கையால் பிடித்தது. வெளியே புகைக்கரி ஏறியிருந்தால் அடுப்பில் ஏறிய பானை. ஓட்டுக்குள் ஊறிப்போன கொழுப்பை ஆய்வகத்தில் பிரித்தெடுத்து, அது பாலா இறைச்சியா என்றுகூடப் பல சமயம் சொல்லிவிடலாம். இது வரைக்கும் சந்தேகத்துக்கு இடம் குறைவு.

இதற்கு மேல் ஏறும்போதுதான் கால் இடறும். கிறிஸ்டோஃபர் ஹாக்ஸ் என்ற பிரிட்டிஷ் தொல்லியலாளர் 1954-ல் இதை ஏணிப்படி போல வரிசைப்படுத்தினார். ஒரு பொருளை எப்படிச் செய்தார்கள் என்று அறிவது எளிது, எப்படிப் பிழைத்தார்கள் என்பது அடுத்தது, சமூகம் எப்படி அமைந்திருந்தது என்பது கடினம், எதை நம்பினார்கள் என்பது எல்லாவற்றையும்விடக் கடினம் என்றார். அந்த வரிசையை நான் அப்படியே ஏற்பதில்லை. கலையாத ஒரு கல்லறை, நம்பிக்கையைப் பற்றிக் குப்பைமேட்டைவிடத் தெளிவாகச் சொல்லிவிடும். ஆனால் ஒவ்வொரு படிக்கும் தனி ஆதாரம் வேண்டும். பானை பால் காய்ச்சியது என்பது நிரூபணமானால், மாடு வைத்திருந்தவர்தான் ஊரில் பெரிய மனிதர் என்பதும் கூடவே நிரூபணமாகிவிடாது.

கேள்வி: என் நிலத்தில் ஒரு பழைய ஓடு கிடைத்தது. படம் அனுப்பினால் காலம் சொல்வீர்களா?

மேலோட்டமாகச் சொல்லலாம், அவ்வளவுதான். இன்னும் எடுக்கவில்லை என்றால் எடுக்காதீர்கள். பக்கத்தில் ஒரு அளவுகோலை வைத்துப் படம் எடுத்து, இடத்தைக் குறித்துக்கொண்டு, தொல்லியல் துறைக்குத் தெரிவியுங்கள். எந்த மண்ணில், எந்த ஆழத்தில், எதோடு சேர்ந்து கிடந்தது என்பது போய்விட்டால், ஓடு சொல்லக்கூடியதில் பெரும்பகுதி போய்விடும்.

கேள்வி: கீழடுக்கு பழையது, மேலடுக்கு புதியது. ஆழத்தை அளந்தால் வேலை முடிந்ததுதானே?

மண் சும்மா இருந்தால் அப்படித்தான். மண் சும்மா இருப்பதே இல்லை. மண்புழு, வேர், எலி, குழி தோண்டும் மனிதர் என்று எல்லோரும் அதைப் புரட்டிக்கொண்டே இருக்கிறார்கள்.

ஒருமுறை என் குழியின் அடியடுக்கில், அங்கே வரவே கூடாத ஒரு ஓடு வந்தது. மேலடுக்கில் மட்டும் கிடைக்கும், மெல்லிய, வழவழப்பான வகை. இரண்டு நாள் எங்களுக்குள் வாக்குவாதம். இந்த வகைப் பானை நாம் நினைத்ததைவிடப் பழையதோ என்றுகூடப் பேசிவிட்டோம். மூன்றாம் நாள் விடியற்காலையில், வெயில் ஏறும் முன்பு, குழியின் சுவரில் தண்ணீர் தெளித்துப் பார்த்தேன். ஈரம் பட்டதும் மண்ணின் நிறங்கள் பிரிந்தன. மஞ்சள் களிமண்ணுக்கு நடுவே உள்ளங்கை அகலத்தில் கருத்த, பொலபொலவென்ற மண் சாய்வாக இறங்கிக்கொண்டிருந்தது. எலிவளை. ஓடு அதன் வழியாகத்தான் கீழே வந்திருக்கிறது. காய்ந்த சுவரில் அது கண்ணுக்கே தெரியவில்லை.

இதே சிக்கல் உலகப் புகழ்பெற்ற ஒரு கண்டுபிடிப்பிலும் உண்டு. வட இராக்கில் ஷனிதார் குகையில், நியாண்டர்தால் (நமக்கு நெருங்கிய, அழிந்துபோன மனித இனம்) மனிதர் ஒருவரின் எலும்புக்கூட்டைச் சுற்றியிருந்த மண்ணில் பூக்களின் மகரந்தம் கொத்துக் கொத்தாகக் கிடைத்தது. இறந்தவருக்குப் பூ வைத்திருக்கிறார்கள் என்று அங்கே தோண்டிய ரால்ஃப் சொலெக்கி முடிவு செய்தார். நெஞ்சைத் தொடும் முடிவுதான். ஆனால் அந்த இடத்தில் வளை தோண்டும் ஒருவகை எலிகள் பூக்களை இழுத்து வந்து சேர்த்துவைக்கும் என்றும், மண்ணில் கூடு கட்டும் தேனீக்கள் கொண்டுவந்திருக்கலாம் என்றும் பின்னால் வந்தவர்கள் எடுத்துக்காட்டினார்கள். அதனால் நியாண்டர்தால்களுக்குத் துக்கம் இல்லை என்று ஆகிவிடாது. இந்த மகரந்தத்தை மட்டும் அதற்குச் சாட்சியாகக் கூப்பிட முடியாது, அவ்வளவுதான். ஒரு பொருள் மண்ணுக்குள் எப்படிப் போனது, போனபின் அதற்கு என்னென்ன நடந்தது என்பதை முதலில் கேட்க வேண்டும் என்று தொல்லியலாளர் மைக்கேல் ஷிஃபர் 1970-களிலிருந்து வலியுறுத்தி வந்தார். எனக்கு இந்தத் துறையில் யாராவது ஒரே ஒரு பாடம் மட்டும் சொல்லிக்கொடுக்கச் சொன்னால் இதைத்தான் சொல்லிக்கொடுப்பேன்.

கேள்வி: கார்பன் தேதி வந்துவிட்டால் சண்டை முடிந்தது என்று சொல்லலாமா?

சண்டை அங்கேதான் பல சமயம் தொடங்குகிறது. வில்லார்ட் லிபியின் குழு 1949-ல் இந்த முறையை நடைமுறையில் காட்டியது. அதற்காக அவருக்கு 1960-ல் வேதியியல் நோபல் பரிசு கிடைத்தது. உயிர் இருக்கும்வரை உடலுக்குள் சேரும் கார்பன்-14, உயிர் போனதும் சேராது. இருப்பது 5,730 ஆண்டுகளுக்கு ஒருமுறை பாதியாகும். சுமார் 50,000 ஆண்டுகளுக்கு மேல் போனால் அளக்கும் அளவுக்கு மிச்சம் இருக்காது.

சரி, அந்தத் தேதி எதனுடைய தேதி? அடுப்புக்கரியைச் சோதித்தால், கிடைப்பது அந்த மரத்தின் அந்த வளையம் வளர்ந்து முடிந்த காலம். முந்நூறு வயது மரத்தின் நடுக்கட்டையை எரித்திருந்தால், அடுப்பு மூட்டிய நாளுக்கும் தேதிக்கும் முந்நூறு ஆண்டு இடைவெளி வந்துவிடும். அதனால்தான் ஒரே பருவத்தில் விளைந்த கருகிய தானியம் கிடைத்தால் நாங்கள் அவ்வளவு சந்தோஷப்படுகிறோம்.

இன்னொன்று, காற்றில் கார்பன்-14 எல்லாக் காலத்திலும் ஒரே அளவில் இருந்ததில்லை. மரவளையங்களோடு ஒப்பிட்டுத் திருத்த வேண்டும். கி.மு. 800 முதல் 400 வரை அந்தத் திருத்தக் கோடு கிட்டத்தட்டத் தட்டையாகக் கிடக்கிறது. அந்தக் காலத்து மாதிரி என்றால், எவ்வளவு துல்லியமாக அளந்தாலும் விடை நூற்றாண்டுக் கணக்கில் அகன்றுவிடும். ஆகவே "கார்பன் தேதி இத்தனை" என்று ஒற்றை ஆண்டை யாராவது சொன்னால், எந்தப் பொருளைச் சோதித்தீர்கள், விடையின் வீச்சு எவ்வளவு என்று இரண்டு கேள்வி கேளுங்கள்.

கேள்வி: கல்லறையில் ஆயுதம் இருந்தால் ஆண், நகை இருந்தால் பெண் என்று எழுதுகிறார்களே, அது சரியா அக்கா?

சரியில்லை, அம்மா. ஸ்வீடனில் பிர்கா என்ற இடத்தில் 1878-ல் யால்மார் ஸ்டோல்பே ஒரு வைக்கிங் காலக் கல்லறையைத் தோண்டினார். வாள், கோடரி, ஈட்டி, அம்புகள், கேடயங்கள், இரண்டு குதிரைகள், கூடவே பலகை விளையாட்டுக் காய்கள். வீரன் ஒருவனின் கல்லறை என்று நூறு வருடத்துக்கும் மேலாகச் சொல்லி வந்தார்கள். 2017-ல் மரபணுச் சோதனை வந்தது. எலும்புகள் ஒரு பெண்ணுடையவை.

அதற்கப்புறம் நடந்த விவாதத்தைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். "ஆயுதம் பக்கத்தில் இருந்தால் அவர் போர் செய்தவர் என்று ஆகிவிடுமா?" என்று பலர் கேட்டார்கள். மிக நல்ல கேள்வி. ஆனால் ஆண் என்று நினைத்திருந்த காலம் முழுக்க அந்தக் கேள்வியை யாரும் அழுத்திக் கேட்கவில்லை. இறந்தவர் தன்னைத் தானே புதைத்துக்கொள்வதில்லை. புதைத்தவர்கள் அவரை எப்படிக் காட்ட நினைத்தார்களோ அதுதான் கல்லறையில் இருக்கிறது. இதை ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கண்டிப்போடு பொருத்திப் பார்க்க வேண்டும்.

கேள்வி: ஒருவகைப் பானை புதிதாக ஒரு பகுதியில் பரவினால், புதிய மக்கள் குடிவந்தார்கள் என்று அர்த்தமா?

பானை வேறு, மக்கள் வேறு. இரண்டும் ஒன்று என்ற எண்ணத்தை ஜெர்மனியின் தொல்லியலாளர் குஸ்தாஃப் கொசின்னா பெரிதாக வளர்த்தார். அவர் மறைந்தபின் நாஜிகள் அதைத் தங்கள் நில உரிமைக் கதைக்குப் பயன்படுத்திக்கொண்டார்கள். அந்தக் கசப்பில், குடிப்பெயர்வு என்ற பேச்சையே பலர் ஒதுக்கிவைத்தார்கள். அதுவும் தவறாகத்தான் போனது.

மணி வடிவக் குவளைகள் ஐரோப்பாவில் பரவிய காலத்தைப் பற்றி 2018-ல் வெளியான மரபணு ஆய்வைப் பாருங்கள். ஐபீரியாவிலும் (ஸ்பெயின், போர்ச்சுகல் பகுதி) மத்திய ஐரோப்பாவிலும் அதே குவளையைப் பயன்படுத்தியவர்களுக்குள் மரபணு உறவு குறைவு. அங்கே பழக்கம்தான் பரவியிருக்கிறது. பிரிட்டனிலோ, குவளை வந்த சில நூற்றாண்டுகளில் மரபணு வழியில் சுமார் 90 சதவீதம் மாறிவிட்டது. அங்கே மக்களே வந்திருக்கிறார்கள். குவளை ஒன்றுதான், கதை இரண்டு. ஒவ்வொரு பகுதிக்கும் தனித்தனியாகத்தான் விடை தேட வேண்டும்.

கேள்வி: செயல்முறைத் தொல்லியல், பின்செயல்முறைத் தொல்லியல் இரண்டையும் தேர்வுக்காக மனப்பாடம் செய்தேன். எனக்கு இன்னும் வித்தியாசம் புரியவில்லை.

பெயர்களை விட்டுவிடுங்கள், இரண்டு பேர் செய்த வேலையைப் பாருங்கள். லூயிஸ் பின்ஃபோர்ட் அலாஸ்காவில் நூனமியுட் வேட்டைக்காரர்களோடு போய் உட்கார்ந்தார். தீயைச் சுற்றி அமர்ந்து எலும்பை உடைத்துச் சாப்பிடும்போது, சின்னச் சில்லுகள் அவரவர் காலடியிலேயே விழுகின்றன, பெரிய துண்டுகளைத் தூக்கி எறிகிறார்கள். காற்று திசை மாறினால் புகைக்கு விலகி உட்காரும் இடமும் மாறுகிறது. இதையெல்லாம் அளந்து வரைந்தார். பிறகு பிரான்சின் பான்ஸ்வான் என்ற பழைய முகாமில், கூடாரத்துக்குள் இருந்தவை என்று கருதப்பட்ட அடுப்புகளில் சில திறந்தவெளியில் இருந்திருக்க வேண்டும் என்று வாதிட்டார். கண்முன் நடப்பதிலிருந்து மண்ணில் கிடப்பதற்கு இப்படி ஒரு பாலம் போட வேண்டும், ஊகத்தைச் சோதிக்க வேண்டும் என்பது அவர் கட்சி. செயல்முறைத் தொல்லியல் என்பது இதுதான்.

இயன் ஹாடர் கென்யாவில் பரிங்கோ பகுதிக்குப் போனார். அக்கம்பக்கத்துக் குழுக்கள் நன்றாகப் பழகினால் அவர்கள் பொருள்களும் ஒன்றுபோல ஆகிவிடும் என்றுதான் அதுவரை எதிர்பார்த்தார்கள். அங்கே நெருங்கிப் பழகியும், உடையிலும் அணிகலனிலும் "நாங்கள் வேறு" என்று காட்டிக்கொண்டிருந்தார்கள். அப்படியானால் பொருள் என்பது வாழ்க்கையின் வெறும் நிழல் இல்லை. மனிதர்கள் அதை வைத்துப் பேசுகிறார்கள், மறைக்கிறார்கள், உரிமை கொண்டாடுகிறார்கள். இது ஹாடர் கட்சி, அதாவது பின்செயல்முறைத் தொல்லியல்.

என்னைக் கேட்டால், குழிக்குள் இருக்கும்போது பின்ஃபோர்டின் கண்டிப்பு வேண்டும், அறிக்கை எழுதும்போது ஹாடரின் சந்தேகம் வேண்டும்.

கேள்வி: என்னவென்று தெரியாத பொருளையெல்லாம் "சடங்குப் பொருள்" என்று எழுதிவிடுகிறீர்களே?

இந்தக் குறை நியாயமானது. சடங்கு என்று சொல்ல, வேறு விளக்கம் கிடைக்கவில்லை என்பது காரணமாகாது. ஒரே மாதிரி வைப்பு பல இடங்களில் திரும்பத் திரும்ப வருகிறதா, நல்ல பொருளை வேண்டுமென்றே உடைத்தோ வளைத்தோ வைத்திருக்கிறார்களா, வீட்டுக் குப்பையில் கிடைக்கும் எலும்புகளிலிருந்து இது மாறுபடுகிறதா என்று காட்ட வேண்டும். காட்ட முடியாவிட்டால், "பயன் தெரியவில்லை" என்று எழுதுவதில் எந்தக் குறைச்சலும் இல்லை.

கேள்வி: ஆய்வாளரின் சாய்வு முடிவை மாற்றுமா?

முடிவை மட்டும் மாற்றினால் பின்னால் வருபவர் திருத்திவிடுவார். சாய்வு ஆதாரத்தையே அழித்துவிடும். தென்பகுதி ஆப்பிரிக்காவில், பெரும் கற்சுவர்களைக் கொண்ட பழைய நகரமான பெரிய சிம்பாப்வேயை ஆப்பிரிக்கர்கள் கட்டியிருக்க முடியாது, வெளியிலிருந்து வந்தவர்கள்தான் கட்டினார்கள் என்று குடியேறிய ஐரோப்பியர்கள் நம்பினார்கள். 1902 முதல் 1904 வரை அங்கே வேலை செய்த ரிச்சர்ட் ஹால், ஆப்பிரிக்கர்கள் வாழ்ந்த அடுக்குகளைப் பிற்காலக் குப்பை என்று நினைத்து அள்ளி வெளியேற்றினார். அவர் தேடிய விடை அந்த மண்ணில்தான் இருந்தது. 1905-ல் டேவிட் ராண்டல்-மக்ஐவரும், 1929-ல் கெர்ட்ரூட் கேட்டன்-தாம்சனும் மிஞ்சியதைக் கவனமாகத் தோண்டி, அது ஆப்பிரிக்கர்களின் கட்டுமானம்தான் என்று காட்டினார்கள். அள்ளிக் கொட்டிய மண் திரும்பி வரவில்லை.

கேள்வி: பரிசோதனை செய்து பார்க்க முடியாத துறையை அறிவியல் என்று எப்படிச் சொல்வது?

பரிசோதனையும் செய்கிறோம். இங்கிலாந்தில் ஓவர்டன் டவுன் என்ற இடத்தில் 1960-ல் சுண்ணாம்பு மண்ணை வெட்டி ஒரு அகழியும், பக்கத்தில் ஒரு கரையும் புதிதாக அமைத்தார்கள். கரைக்குள் துணி, தோல், மரம், எலும்பு, மட்பாண்டம் எல்லாம் எந்த இடம் என்று குறித்துப் புதைத்தார்கள். 2, 4, 8, 16, 32, 64, 128 ஆண்டுகள் கழித்து ஒவ்வொரு துண்டாக வெட்டிப் பார்ப்பது திட்டம். அகழியின் ஓரங்கள் முதல் சில ஆண்டுகளிலேயே வேகமாகச் சரிந்து அடியை நிரப்பின, புல் பிடித்ததும் வேகம் தணிந்தது. பழைய அகழிகளின் அடியில் கிடக்கும் மண்ணை இப்போது நாங்கள் வேறு கண்ணோடு பார்க்கிறோம். அது தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்ததாக இல்லாமல், ஒருசில குளிர்காலங்களின் வேலையாக இருக்கலாம். கடைசித் துண்டை வெட்ட வேண்டிய ஆண்டு 2088.