ஒலிம்பிக் தொடக்க விழா அணிவகுப்பில் மலேசியா ஒவ்வொரு முறையும் வேறு இடத்தில் வருவது ஏன்?

சுங்கை சிப்புட்டில் ஒட்டுக்கடை டிவி முன்னால் தே தாரேயும் கையுமாக உட்கார்ந்து நானும் இதையே கேட்டிருக்கிறேன். "நம்ம கொடி எப்ப வரும்?" என்று கேட்டுக் கேட்டே டீ ஆறிப்போகும்.

கிரேக்கம் முதலில் வரும், போட்டியை நடத்தும் நாடு கடைசியில் வரும். 1928 ஆம்ஸ்டர்டாமில் தொடங்கிய வழக்கம் இது. நடுவில் வருகிறவர்களின் வரிசையை நடத்தும் நாட்டின் மொழிதான் முடிவு செய்கிறது. 1988 சியோலில் கொரிய அகரவரிசைப்படி கிரேக்கத்துக்கு அடுத்து வந்தது கானா! 2008 பெய்ஜிங்கில் இன்னும் வேடிக்கை. சீன மொழிக்கு அகரவரிசை கிடையாதே? நாட்டின் பெயரில் முதல் எழுத்தை எழுத எத்தனை கோடுகள் தேவையோ, அதை எண்ணி வரிசை போட்டார்கள். பள்ளியில் மாண்டரின் படித்த பிள்ளை பக்கத்தில் இருந்தால்தான் நமக்குப் புரியும்.

2021இல் நடந்த தோக்கியோ ஒலிம்பிக்கிலிருந்து கிரேக்கத்துக்குப் பின்னால் அகதிகள் அணி வருகிறது. அடுத்த போட்டிகளை நடத்தப்போகும் நாடுகளும் கடைசிப் பகுதிக்குப் போய்விட்டன.

காமன்வெல்த் போட்டியில் கணக்கு வேறு. அங்கே முந்தைய போட்டியை நடத்திய நாடுதான் முதலில். அதனால் 1998இல் கோலாலம்பூரில் கனடா முதலில், மலேசியா கடைசியில். அந்த விழா நடந்த புக்கிட் ஜாலிலும் ஒரு காலத்தில் நம்ம ஆட்கள் வேலை பார்த்த தோட்டம்தான்.