இங்கிலாந்தில் ஜிப்சி, டிராவலர் மக்கள் வந்தாலே ஊர்க்காரர்கள் எதிர்ப்பது ஏன்?

"சொந்தமாக நிலம் வாங்கித் தங்கினால் யார் தடுக்கப்போகிறார்கள்?" என்றும் கேட்டிருக்கிறீர்கள். கிழக்கு இங்கிலாந்தின் எசெக்ஸுக்குக் குடிவந்த புதிதில் நானும் அப்படித்தான் நினைத்தேன்.

ஜிப்சிகளும் டிராவலர்களும் பரம்பரையாகக் கேரவனில், அதாவது இழுத்துச் செல்லும் வண்டி வீட்டில், ஊர் ஊராகப் போய் வாழ்ந்துவந்தவர்கள். 1968-ல் வந்த ஒரு சட்டம், அவர்கள் கேரவன் நிறுத்த இடம் அமைத்துத் தருவதைக் கவுன்சில்களின் (உள்ளாட்சிகளின்) கடமையாக்கியது. 1994-ல் அந்தக் கடமையை நீக்கிவிட்டு, நீங்களே நிலம் வாங்கி அனுமதி கேளுங்கள் என்று அரசு சொன்னது. சரி, வாங்கினார்கள். பாசில்டன் பக்கத்தில் டேல் ஃபார்ம் என்ற இடத்தை ஐரிஷ் டிராவலர் குடும்பங்கள் காசு கொடுத்து வாங்கின. அங்கே முன்பு பழைய இரும்பு குவித்து வைத்திருந்தார்கள், பசும்புல்வெளி ஒன்றும் இல்லை. ஆனாலும் அது கிரீன் பெல்ட் (நகரம் பரவாமலிருக்கக் கட்டுமானத்தைக் கட்டுப்படுத்தும் பகுதி), ஒரு பாதிக்கு அனுமதி கிடையாது என்று வருஷக்கணக்காக வழக்கு நடந்து, 2011 அக்டோபர் 19 அன்று கலவரத் தடுப்புப் போலீஸ் உள்ளே புகுந்தது, கவுன்சில் சுமார் 80 குடும்பங்களைக் காலி செய்தது. அவர்களுடைய சொந்த நிலத்திலிருந்தே. பல குடும்பங்கள் போக இடமில்லாமல் பக்கத்துப் பாதையிலேயே கேரவனை நிறுத்திக்கொண்டன.

அப்புறம் ஓரமாக நிறுத்தினால் "பார், குப்பை போடுகிறார்கள்" என்பார்கள். குப்பை சேர்வதும் உண்டுதான், ஆனால் குப்பைத் தொட்டியோ கழிப்பறையோ இல்லாத இடத்தில் யார் தங்கினாலும் சேரும்.

எங்கள் பகுதியில் ஒரு குடும்பம் இரண்டே இரண்டு கேரவனுக்கு அனுமதி கேட்டபோது ஊர்க் கூட்டத்தில் உட்கார இடமில்லை. முதலில் போக்குவரத்து நெரிசல், சாக்கடை என்றுதான் பேசினார்கள். அரை மணி நேரம் கழித்து ஒருவர் எழுந்து "இனி ராத்திரி கதவைப் பூட்டாமல் தூங்க முடியாது" என்றார், அரங்கமே கைதட்டியது. அந்தக் குடும்பத்தை அங்கே ஒருவருக்கும் தெரியாது. ரோமானி ஜிப்சிகளைத் தனி இனமாக 1988-லேயே நீதிமன்றம் ஏற்றுக்கொண்டுவிட்டது, ஐரிஷ் டிராவலர்களை 2000-ல். வேறு எந்த இனத்தைப் பற்றியும் அப்படி மைக்கில் பேசியிருக்க மாட்டார்கள், தமிழர்களான எங்களைப் பற்றியும்தான். நான் வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்தேன், அது இன்னும் உறுத்துகிறது.

இப்படிப்பட்ட விண்ணப்பங்களுக்கு எதிர்ப்பு மட்டுமல்ல, ஆதரவும் எழுதலாம் என்று பலருக்குத் தெரிவதில்லை. கவுன்சில் இணையதளத்தில் விண்ணப்பத்தின் பக்கத்துக்குப் போய்ப் பெயர், முகவரியோடு நாலு வரி எழுதினால் போதும். போன மாதம் இன்னொரு குடும்பம் கேட்டிருந்தது, இந்த முறை எழுதிவிட்டேன்.